சின்ன குரூப் வாக்கிங் டூர் எடுக்கலாமா, இல்ல மேப் வச்சு நாமளே சுத்திக்கலாமா?

மொட்டைமாடி:
மக்களே ஒரு டவுட்டு, போயிட்டு வந்தவங்க சொல்லுங்க. நான், வீட்டுக்காரர், மாமியார் மூணு பேரும் ஐரோப்பா போறோம், ப்ராக், பெர்லின், ஆம்ஸ்டர்டாம், வெனிஸ்ன்னு ப்ளான். எல்லா ஊர்லயும் பழைய ஊர் பகுதிய நடந்தே சுத்திக் காட்டுற கைடட் டூர் இருக்கு, லிஸ்ட்ட பாத்தாலே தலை சுத்துது. ஒரு பக்கம் ஃப்ரீ டூர், பிடிச்சிருந்தா டிப்ஸ் குடுங்கங்கறான். இன்னொரு பக்கம் சாதா குரூப் டூர், எத்தனை பேர்ன்னு மூச்சே விடல. அப்புறம் ஸ்மால் குரூப்ன்னு ஒண்ணு, அதுக்கு மட்டும் விலை ரெண்டு மடங்கு. அந்த ரெண்டு மடங்குக்கு நெசமாவே வித்தியாசம் இருக்கா, இல்ல பேர்லதான் ஸ்மாலா? வீட்டுக்காரர் மேப் இருக்கு யூடியூப் இருக்கு எதுக்கு தண்டச் செலவுங்கறார். மாமியார் சமதரையில நல்லா நடப்பாங்க, படின்னா முட்டி பிடிச்சுக்கும், காதும் ஒரு பக்கம் கொஞ்சம் மந்தம்.

ரெயின்கோட்:
காது மந்தம்ன்னு சொல்லிட்டீங்கல்ல, அதோட முடிஞ்சுது. ஸ்மால் குரூப்.

கால்நடையன்:
ரெயின்கோட் ஒரே வரில சொல்லிட்டார், நான் கொஞ்சம் இழுக்கிறேன். (பேர பாத்து மாட்டு டாக்டர்ன்னு நெனச்சு இன்பாக்ஸ்ல வராதீங்க, நடக்கறதுக்காக வச்ச பேரு.)

வித்தியாசம் எங்க தெரியும்ன்னா சின்ன விஷயங்கள்லதான். பெரிய சர்ச், பெரிய கோட்டை, பெரிய சிலை இதெல்லாம் நாப்பது பேரோட நின்னாலும் தெரியும். ஆனா பழைய ஊர்ல நெசமா பாக்க வேண்டியது பாதி நம்ம முட்டிக்கு கீழ இருக்கும், மீதி கூரைக்கு கிட்ட இருக்கும். பெர்லின்ல ஹக்கெஷர் மார்க்ட் பக்கம் எட்டு பேர் குரூப்ல போனேன். கைடு ஒரு சாதாரண வீட்டு வாசல்ல நிறுத்தி ஒண்ணுமே பேசாம கீழ காட்டுனாங்க. நடைபாதை கல்லுக்கு நடுவுல உள்ளங்கை அளவு பித்தளைத் தகடு, பத்து சென்டிமீட்டருக்கு பத்து சென்டிமீட்டர். அதுல "இங்கே வாழ்ந்தார்"ன்னு ஆரம்பிச்சு பேரு, பொறந்த வருஷம், ஹிட்லரோட நாஜிகள் எப்ப பிடிச்சுட்டுப் போனாங்க, எந்த முகாம்ல கொன்னாங்கன்னு பொறிச்சிருக்கு. ஸ்டோல்பர்ஸ்டைன்ம்பாங்க, குன்டர் டெம்னிக்ன்னு ஒரு கலைஞர் 1990-கள்ல ஆரம்பிச்சது, 2023-லயே ஒரு லட்சம் கல்ல தாண்டிடுச்சு. ஒரே வாசல்ல நாலு தகடு, ஒரே குடும்பப் பேரு, கடைசி கல்லுல உள்ள பொறந்த வருஷத்த பாத்தா சின்னக் குழந்தைன்னு கணக்கு வருது. எழுத்து பொடி எழுத்து, குனிஞ்சாத்தான் படிக்க முடியும். எட்டு பேரும் சுத்தி குனிஞ்சு படிச்சோம், அப்புறம்தான் அந்தம்மா வாயத் தொறந்தாங்க. நாங்க நிக்கும்போதே இன்னொரு பெரிய குரூப் வந்துச்சு, அவங்க கைடு கொடி வச்ச குச்சியத் தூக்கிட்டு அதே கல்லப் பத்தி பேசுனார், முன்னாடி நின்ன நாலு பேருக்குத்தான் கல்லு தெரிஞ்சது, பின்னாடி நின்னவங்க எங்களத்தான் பாத்துட்டு நின்னாங்க, அதுல ஒருத்தர் அந்தக் கல்லு மேலயே நின்னுட்டிருந்தார் அவருக்கே தெரியாம. ரெண்டு மடங்கு காசு இதுக்குத்தான்.

எட்டுமணி_வண்டி:
கல்லு மேல நின்னவர் நான் இல்லைன்னு இங்கயே சொல்லிக்கறேன்

பழைய_பேப்பர்:
நான் எதிர்க்கட்சி. குரூப் சின்னதா பெருசாங்கறது அப்புறம், கைடு சொல்றது உண்மையாங்கறத யாரும் கேக்கறதே இல்ல. ப்ராக்ல பழைய ஊர் சதுக்கத்துல அந்த வானியல் கடிகாரம் இருக்குல்ல, அதுக்கு முன்னாடி நின்னா பத்து பாஷையில ஒரே கதை கேக்கும். ஹனுஷ்ன்னு ஒரு மாஸ்டர் செஞ்சார், வேற ஊருக்கு இத மாதிரி செஞ்சு குடுத்துடக் கூடாதுன்னு அவர் கண்ணப் பிடுங்கிட்டாங்க, அவர் கோவத்துல மெஷினக் கெடுத்துட்டார்ன்னு. நம்ம ஊர்ல தாஜ்மகால் கட்டினவங்க கைய வெட்டுன கதை இருக்கே, அதே டைப். நெசத்துல அந்தக் கடிகாரம் 1410-ல கடான் ஊர்க்காரர் மிக்குலாஷ் செஞ்சது, கணக்கு போட்டுக் குடுத்தது யான் ஷிண்டெல்ங்கற வானியல் பேராசிரியர்ன்னு சொல்றாங்க. கண்ணப் பிடுங்கினதுக்கு ஆதாரமே கிடையாது. லண்டன்ல போனா அடைச்ச ஜன்னல் எதக் காட்டுனாலும் ஜன்னல் வரிக்கு பயந்து அடைச்சதும்பான். ஜன்னல் வரி இருந்தது உண்மை, 1696-லேர்ந்து 1851 வரைக்கும். ஆனா எத்தனையோ வீட்ல முகப்பு ரெண்டு பக்கமும் ஒரே மாதிரி தெரியணும்ன்னு கட்டும்போதே போலி ஜன்னல் வச்சிருக்கான். இதுக்குக் காசு குடுத்து, ரெண்டு மடங்கு வேற குடுத்து கேக்கணுமா? ஒரு நல்ல புக்க ஹோட்டல்லயே படிச்சுட்டு கிளம்பினா போதாதா.

கால்நடையன்:
பழைய_பேப்பர் அண்ணே, பொய்க்கதை சொல்ற கைடு எல்லா சைஸ் குரூப்லயும் உண்டு, ஒத்துக்கறேன். ஆனா எட்டு பேர் இருக்கும்போது "இது எங்க எழுதியிருக்கு"ன்னு கேக்க முடியும்ல? நாப்பது பேர் முன்னாடி மைக்ல பேசுறவர்கிட்ட யாரு கேப்பா.

பழைய_பேப்பர்:
கேட்டா முறைப்பாங்க.

ரெயின்கோட்:
முறைக்கிற கைடுக்கு டிப்ஸ் கிடையாது, சிம்பிள்

ஊர்காட்டி:
நான் இந்த வேலையிலதான் இருக்கேன், எந்த ஊர்ன்னு கேக்காதீங்க. பழைய_பேப்பர் சார் சொல்றதுல பாதி நியாயம் இருக்கு. கதை சொல்றது தப்பில்ல, கதைன்னு சொல்லிட்டு சொல்லணும், அவ்வளவுதான். நல்ல கைடு "இப்படி ஒரு கதை உண்டு, உண்மை இது"ன்னு ரெண்டையும் வைப்பார், ஜனங்களுக்கு அதுதான் இன்னும் பிடிக்கும்.

குரூப் சைஸுக்கு வர்றேன். வெளிய இருந்து பாக்கறவங்களுக்கு சத்தம் மட்டும்தான் பிரச்சனைன்னு தோணும். எங்களுக்கு நடக்கறதுதான் பிரச்சனை. இருபத்தஞ்சு பேரக் கூட்டிட்டு ஒரு சிக்னல் தாண்டினா பாதிப் பேர் அந்தப் பக்கம் மாட்டிப்பாங்க. அவங்க வர்ற வரைக்கும் நிக்கணும், வந்தவங்களுக்கு மூச்சு வாங்கும், நான் பேச ஆரம்பிச்சிருப்பேன். ரெண்டு மணி நேர டூர்ல இப்படி சேத்துப் பிடிக்கறதுலயே கணிசமா போயிடும், அதனால ஸ்டாப் குறைப்போம், சந்துக்குள்ள போக மாட்டோம், இடம் அகலமா இருக்கற சதுக்கமா பாத்து நிறுத்துவோம். பத்து பேர்ன்னா நடந்துக்கிட்டே பேசலாம். யாரோ ஒருத்தர் "இந்த வீடு மட்டும் ஏன் ரோட்டப் பாத்து சாஞ்சிருக்கு"ன்னு கேப்பாங்க, அதுலேர்ந்து ரூட்டே மாறும். ரூட் மாத்தற சுதந்திரம் இருக்கே, ஸ்மால் குரூப்ல நீங்க வாங்கறது அதைத்தான்.

நல்ல கைடான்னு முதல் அஞ்சு நிமிஷத்துலயே கண்டுபிடிக்க ஒரு வழி. வெயில் யார் முகத்துல அடிக்குதுன்னு பாருங்க. தொழில் தெரிஞ்சவங்க வெயில தன் முகத்துல வாங்கிக்கிட்டு உங்கள வெயிலுக்கு முதுகு காட்டி நிறுத்துவாங்க. எல்லாரும் வந்து சேர்ற வரைக்கும் விஷயத்துக்கு வர மாட்டாங்க. வந்ததும் முதல்ல கையக் காட்டி எதப் பாக்கணும்ன்னு சொல்லிட்டு, கண்ணு அங்க போனதும்தான் வருஷம் ராஜா எல்லாம் வரும். நடந்துக்கிட்டே முதுகக் காட்டிட்டு வருஷத்த வரிசையா ஒப்பிக்கறவர்னா பேசாம பின்னாடி வந்து போட்டோ எடுத்துக்கோங்க.

மொட்டைமாடி:
ஊர்காட்டி சார் ரொம்ப நன்றி. அப்ப இந்த ஃப்ரீ டூர் எப்படி? எல்லாரும் நல்லா இருக்குன்னுதான் ரிவ்யூ போடறாங்க. ஃப்ரீன்னா கைடுக்கு சம்பளம் யார் குடுக்கறா?

ஊர்காட்டி:
மேடம், பல இடத்துல யாரும் குடுக்கறது இல்ல. டிப்ஸ்தான் சம்பளம். அதுக்கு மேல, நெறைய கம்பெனில கைடுதான் தலைக்கு இவ்வளவுன்னு கம்பெனிக்குக் கட்டணும், ஆள் பிடிச்சுக் குடுத்த கமிஷன். ஆரம்பத்துல எல்லாரையும் நிக்க வச்சு குரூப் போட்டோ எடுப்பாங்க பாத்திருப்பீங்க, ஞாபகார்த்தம்ன்னு நெனச்சு சிரிப்பீங்க, பல இடத்துல அதுதான் தலை எண்ற கணக்கு. முப்பது பேர் வந்து பதினஞ்சு பேர் டிப்ஸ் குடுக்காம நைசா கழண்டுட்டா அந்த நாள் நஷ்டமாக்கூட முடியும். அதனாலதான் கடைசி ஸ்டாப்ல உருக்கமா ஒரு பேச்சு வரும். கைடு மோசம்ன்னு சொல்லல, எனக்குத் தெரிஞ்ச சில பேர் அங்க பிரமாதமா பண்றாங்க, வயித்துப்பாடே அதுல இருக்கறதால சுவாரசியமா பேசியே ஆகணும். ஆனா கூட்டம் சேரச் சேரத்தான் அவங்களுக்கு லாபம்ங்கறதால சின்ன குரூப்ப அங்க எதிர்பாக்கக் கூடாது.

எட்டுமணி_வண்டி:
அய்யய்யோ அந்த போட்டோவுல நான் எப்பவும் முன்னாடி வந்து ஸ்டைலா நிப்பேன்

கனகாம்பரம்:
எல்லாருக்கும் வணக்கம். காசு குடுத்துத்தான் நடக்கவேணும் எண்டு இல்லை, வேற வழியும் இருக்கு எண்டு சொல்லத்தான் வந்தனான். கிரீட்டர் எண்டு ஒரு ஏற்பாடு, 1992-ல நியூயோர்க்கில தொடங்கி இப்ப கன நகரங்களில இருக்கு. அந்த ஊர்ச் சனம் தொண்டாக வந்து தங்கட பகுதியைக் காட்டுவினம், ஒரு தரத்தில ஆறு பேருக்கு மேல எடுக்க மாட்டினம், டிப்ஸும் வாங்கமாட்டினம். முதலே பதிஞ்சு வைக்கவேணும், எங்களுக்கு ஏத்த ஆள் கிடைச்சாத்தான் வருவினம். வரலாற்றுப் பாடம் எதிர்பாக்காதேங்கோ, அவை தொழில்முறை கைடு இல்லை. ஒருத்தற்றை தெருவில அவரோட கதைச்சுக்கொண்டு நடக்கிறது போலதான். ஜேன்ஸ் வோக் எண்டும் ஒரு நடை இருக்கு, நகரங்களைப் பற்றி எழுதின ஜேன் ஜேக்கப்ஸ் இறந்ததுக்குப் பிறகு அவவின்ர பேரில 2007-ல டொரண்டோவில தொடங்கினது, வருசா வருசம் மே மாசத் தொடக்கத்தில பல நாடுகளிலயும் நடக்கும், அதுக்கும் காசில்லை. மாமிக்கு முழங்கால் நோ எண்டால் கிரீட்டர் நல்லம், களைச்சால் எங்கயாவது இருந்துபோட்டு எழும்பலாம், கடிகாரத்தைப் பாக்கிற ஆக்கள் இல்லை.

மொட்டைமாடி:
இது எனக்குத் தெரியவே தெரியாது கனகாம்பரம் அக்கா. கண்டிப்பா பாக்கறேன்.

கால்நடையன்:
நல்ல தகவல். இன்னொண்ணு, ஊருக்கு ஊர் கணக்கு மாறும். ஆம்ஸ்டர்டாம்ல 2020-லேர்ந்து நடுப்பகுதியில ஒரு கைடோட 15 பேருக்கு மேல போகவே கூடாது, பர்மிட் வேற வேணும். அதனால அங்க சாதா டூரே கிட்டத்தட்ட ஸ்மால் குரூப்தான், ஸ்மால்ன்னு பேர் போட்டு ரெண்டு மடங்கு கேட்டா, என்ன எட்டு பேரா, ஆறு பேரான்னு கேளுங்க. பன்னெண்டுன்னா சாதாவே எடுத்துக்கோங்க. வெனிஸ்ல 2024-ல 25 பேர்ன்னு வரம்பு கொண்டு வந்து ஒலிபெருக்கிய தடை பண்ணிட்டாங்க. ஆனா அந்த ஊர் சந்துல எதிர எதிர ரெண்டு பேர் வந்தாலே தோள் இடிக்கும், 25 அங்க ரொம்ப ஜாஸ்தி. காச செலவழிக்கறதுன்னா வெனிஸ்ல செலவழிங்க.

ரெயின்கோட்:
வெனிஸ்ல முட்டியப் பத்தியும் யோசிக்கணும். அங்க பாலம் நானூறுக்கு மேல, பெரும்பாலும் எல்லாத்துலயும் படி ஏறி படி இறங்கணும். டூர் பேஜ்ல "லேசான நடை"ன்னு போட்டிருப்பான், நம்பாதீங்க. எத்தனை பாலம்ன்னு கேளுங்க, எத்தனை கிலோமீட்டர்ன்னு கேட்டு பிரயோஜனம் இல்ல.

ப்ராக்ல பழைய ஊர் பகுதி சமதரை, ஆனா கோட்டைக்கு ஏத்தம். கீழேர்ந்து ஏத்திக் கூட்டிட்டுப் போற டூர் வேண்டாம், 22-ஆம் நம்பர் டிராம்ல மேல போய் அங்கேர்ந்து இறங்கி வர்ற மாதிரி இருக்கறத எடுங்க. இறங்குறதும் முட்டிக்கு நல்லதில்லதான், மெதுவா இறங்கலாம். நடைபாதையில சின்னச் சின்ன சதுரக்கல்லு, மழை பெஞ்சா வழுக்கும், லெதர் சோல் செருப்பு கூடவே கூடாது.

பழைய_பேப்பர்:
ஹெட்செட் குடுக்கற டூர் இருக்கே, அத ஏன் யாரும் சொல்லல? கைடு கழுத்துல மைக், நமக்கு ரிசீவர், ஒரு காதுல மாட்டிக்கலாம். குரூப் பெருசா இருந்தாலும் மாமியாருக்கு நல்ல காதுல தெளிவா கேக்குமே, சத்தத்தையும் கூட்டிக்கலாம். விலையும் கம்மி.

ஊர்காட்டி:
சார் சொல்றது சரி, காதுக்கு அது நல்ல வழி. வெனிஸ்லயும் அதுக்குத் தடை இல்ல, ஸ்பீக்கருக்குத்தான் தடை. ஆனா ஒரு வேடிக்கை, ஹெட்செட் மாட்டிட்டா ஜனங்க தள்ளித் தள்ளிப் போயிடறாங்க. குரல் காதுல கேக்குதே, கிட்ட வர வேணாம்ல. நான் கதவுல உள்ள செதுக்கலப் பத்தி பேசிட்டிருப்பேன், அவர் முப்பது அடி தள்ளி புறாவப் பாத்துட்டிருப்பார். கேள்வியும் வராது. மாமியார கைடுக்குப் பக்கத்துலயே நிறுத்திக்கிட்டா பிரச்சனை இல்ல. சொல்லப்போனா ஹெட்செட் இல்லாத டூர்ல கூட, ஆரம்பிக்கறதுக்கு முன்னாடி கைடுகிட்ட போய் "இவங்களுக்கு இடது காது கேக்காது"ன்னு ஒரு வார்த்தை சொல்லிடுங்க. நாங்க நிக்கற இடத்த அதுக்கேத்த மாதிரி மாத்திப்போம். எல்லாம் முடிஞ்சப்புறம் ரிவ்யூல எழுதறவங்கதான் ஜாஸ்தி.

எட்டுமணி_வண்டி:
சீரியஸா ஒரு கேள்வி. கைடுக்கு லைசென்ஸ் இருக்கான்னு பாக்கணுமா?

ஊர்காட்டி:
நாட்டுக்கு நாடு மாறும். இத்தாலில கைடு வேலை சட்டப்படி லைசென்ஸ் உள்ள தொழில், பரீட்சை எழுதணும், அதனால வெனிஸ்ல அட்டை இருக்கான்னு பாருங்க. ஜெர்மனில யார் வேணும்னாலும் கைடுன்னு சொல்லிக்கலாம், அங்க ரிவ்யூவும் அவங்க எதுல படிச்சவங்கங்கறதும்தான் ஆதாரம். பெர்லின்ல வரலாறு படிச்ச ஆட்கள் நெறைய பேர் இதுல இருக்காங்க, தேடினா கிடைப்பாங்க.

பழைய_பேப்பர்:
அப்ப நானும் பெர்லின் போய் கைடு ஆகலாம்ங்கறீங்க.

கால்நடையன்:
ஆகுங்கண்ணே, "ஆதாரம் இல்லாததச் சொல்ல மாட்டோம்"ன்னு போர்டு போடுங்க, நான் வர்றேன். ஆனா ரெண்டே பேர்தான் வருவோம்.

கனகாம்பரம்:
இன்னும் ஒரு விசயம். அங்க சனம் குடியிருக்கிற வீடுகள் எண்டத நாங்கள் மறந்திடுறம். ஆம்ஸ்டர்டாமில சிவப்பு விளக்குப் பகுதியில பெண்களின்ர ஜன்னலுகளுக்கு முன்னால டூர் கொண்டு போறதையே தடை செய்தவை. கதவுக்குள்ள எட்டிப் பாக்கிறது, படியில குந்தியிருக்கிறது, ஒரு முற்றத்துக்குள்ள முப்பது பேர் நிண்டு சத்தம் போடுறது, இதெல்லாம் அங்க இருக்கிறவைக்கு ஒவ்வொரு நாளும் நடக்குது. சின்னக் குழு எண்டால் ஆராவது வீட்டுக்காரர் வெளிய வந்து தானாக் கதைக்கிறதும் உண்டு, பெரிய குழுவைக் கண்டால் கதவைச் சாத்திப்போடுவினம்.

ரெயின்கோட்:
இது ரொம்ப சரி. முற்றம்ன்னதும் ஞாபகம் வருது, அகமதாபாத்ல போல்ன்னு சொல்ற பழைய தெருக்கூட்டம் இருக்கு, மாநகராட்சியே 1997-லேர்ந்து காலை நேரத்துல ஹெரிடேஜ் வாக் நடத்துது. காலுபூர் சுவாமிநாராயண் கோயில்ல ஆரம்பிச்சு ஜாமா மசூதில முடியும். உள்ள ஒவ்வொரு முச்சந்திலயும் பறவைக்கு தீனி போடற செதுக்குத் தூண் நிக்கும், ஒரு வீட்டுக்கும் இன்னொரு வீட்டுக்கும் நடுவுல ஆள் நுழையற வழி. மேப்ல அது ரோடாவே தெரியாது, கைடு இல்லாம அதுக்குள்ள நாமளா நுழைய மாட்டோம், அடுத்தவங்க வீடோன்னு தயங்கி நிப்போம். மொட்டைமாடி வீட்டுக்காரருக்கு இதச் சொல்லுங்க.

மொட்டைமாடி:
சொல்லிட்டேன், இழை முழுக்க காட்டிட்டேன். ஆம்ஸ்டர்டாம் சிவப்பு விளக்கு மேட்டர மட்டும் மாமியார் முன்னாடி சத்தமா படிக்காதன்னுட்டார் 😄

சரி, நான் முடிவு பண்ணது இது. ஆம்ஸ்டர்டாம்ல சாதா டூர். ப்ராக்ல கனகாம்பரம் அக்கா சொன்ன மாதிரி கிரீட்டருக்கு எழுதிப் பாக்கறேன், கிடைக்கலன்னா டிராம்ல மேல போய் நாமளே இறங்கிடறோம், வீட்டுக்காரர் மேப் ஆசையும் தீந்துடும். பெர்லின், வெனிஸ் ரெண்டுக்கும் ஸ்மால் குரூப். நாலு கம்பெனிக்கு மெயில் போட்டு, அதிகபட்சம் எத்தனை பேர், எத்தனை படி இல்லன்னா பாலம், நடுவுல உக்காற இடம் உண்டான்னு மூணு கேள்வி கேட்டேன். ரெண்டு பேர் பதிலே போடல. ஒருத்தர் "ஸ்மால் குரூப், கவலை வேண்டாம்"ன்னு மட்டும் எழுதினார், நம்பர் சொல்லவே இல்ல. இன்னொருத்தர் எட்டு பேர், ஒன்பது பாலம், அதுல ரெண்ட வாப்பரெட்டோ போட்ல தவிர்க்கலாம், பாதியில ஒரு சதுக்கத்துல பெஞ்சு இருக்குன்னு எழுதியிருக்கார். அவருக்கே புக் பண்ணிட்டேன்.

ஊர்காட்டி:
நல்ல முடிவு. மீட்டிங் பாயிண்ட்ட முதல் நாள் சாயங்காலமே போய் பாத்து வச்சுக்கோங்க மேடம், வெனிஸ்ல மேப்ல பக்கத்துல தெரியற இடத்துக்கு நடுவுல கால்வாய் இருக்கும். எட்டு பேர் டூர்ல மூணு பேர் லேட்டுன்னா மத்த அஞ்சு பேர் மூஞ்சிய ரெண்டு மணி நேரம் பாக்கணும்.

எட்டுமணி_வண்டி:
புறாவுக்கு தீனி போடாதீங்க, வெனிஸ்ல ஃபைன் போடுவான்.